காரை அம்மோனைட்: பள்ளம் வந்த விதம், மண் வந்த வழி

பெரம்பலூர் மாவட்டத்துக் காரைக்குப் போய்வந்த ஒருவர் இப்படிக் கேட்டிருக்கிறார்: “கடற்கரையிலிருந்து நூறு கிலோமீட்டர் உள்ளே, வெடித்துக் கிடக்கும் களிமண் மேட்டில் அம்மோனைட் சுருள்களைப் பார்த்தேன். புவித்தட்டுகள் மோதினால் மலை எழும் என்று பள்ளியில் படித்தோம். கடல் உள்ளே வரும் அளவுக்கு இங்கே பள்ளம் எப்படி உண்டானது? அந்தச் சேற்றைக் கொண்டுவந்தது காவிரியா, இமயமலை ஆறுகளா?” அம்மோனைட் என்பது அழிந்துபோன ஒரு கடல்வாழ் உயிரியின் சுருண்ட ஓடு, கல்லாகிக் கிடப்பது. இவர் கேட்டதில் இரண்டு கேள்விகள் பின்னிக் கிடக்கின்றன. மண் தங்குவதற்கு இடம் எப்படிக் கிடைத்தது என்பது ஒன்று. தங்கிய மண் எந்த ஊர் மண் என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு இன்று உறுதியான விடை இருக்கிறது. இரண்டாவதற்குப் பாதி விடை உறுதி, மீதி இன்னும் விவாதத்தில் இருக்கிறது. நான் படிவுப்பாறைகளோடு முப்பது ஆண்டுகளாக வேலை செய்கிறேன். பாதி நாள் ஓடைக்கரையில், பாதி நாள் நுண்ணோக்கியின் முன்னால். மண்ணைப் பற்றிச் சொல்வது பெரும்பாலும் என் கண்ணால் கண்டது. பூமியின் ஆழத்தைப் பற்றிச் சொல்வது புவி இயற்பியலாளர்கள் அளந்து சொன்னது. இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துப் படியுங்கள்.

முதலில் ஒரு தவறான எண்ணத்தை விலக்கிவிடுவோம். ஆறு தோண்டிய பள்ளத்தை ஆறே நிரப்பியது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. காரை இருப்பது காவிரிப் படுகை என்ற, படிவுகள் நிரம்பிய பெரும்பள்ளத்தில். அதன் ஆழமான பகுதிகளில் ஐந்து கிலோமீட்டருக்கும் மேல் படிவுகள் இருக்கின்றன. எந்த ஆறும் கடல்மட்டத்துக்குக் கீழே ஐந்து கிலோமீட்டர் தோண்டாது. ஐந்து கிலோமீட்டர் ஆழக் கடல் ஒன்று முதலிலேயே இருந்து, அது மெல்ல நிரம்பியது என்றும் சொல்ல முடியாது. கல்லக்குடிப் பக்கம் சுண்ணாம்புக்கல் குவாரிகளில் பவளத் திட்டுகள் இருக்கின்றன. அவை இந்த அடுக்குகளில் அடிப்பக்கத்தைச் சேர்ந்தவை, ஏறத்தாழ 11 கோடி ஆண்டுப் பழமை. அடுக்கின் மேல்பக்கத்தில், அரியலூருக்கு அருகே கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புக்கல்லில், உள்ளங்கை அகலத்துக்குக் கிளிஞ்சல் ஓடுகள் நெருக்கியடித்துக் கிடக்கின்றன. அது 7 கோடி ஆண்டுக் கணக்கு. பவளமும் சரி, அந்தக் கனத்த ஓட்டுக் கிளிஞ்சலும் சரி, ஆழமில்லாத கடலில் வாழ்ந்தவை. அடியிலும் ஆழமில்லாத கடல், மேலேயும் ஆழமில்லாத கடல், நடுவே நான்கு கோடி ஆண்டுகளும் அத்தனை கனத்துப் படிவும். அப்படியானால் மண் நிரம்ப நிரம்பத் தரையும் கீழே போய்க்கொண்டே இருந்திருக்க வேண்டும். நடுவில் சில காலம் கடல் ஆழமாக இருந்ததுண்டு. ஆனாலும் தரை தொடர்ந்து இறங்கியது என்பதில் ஐயமே இல்லை.

தரை ஏன் இறங்கியது? மோதலால் அல்ல, பிரிவால். கோண்டுவானா என்ற பெருங்கண்டத்தில் இந்தியாவும் இலங்கையும் கிழக்கு அண்டார்டிகாவும் ஒட்டிக் கிடந்தன. ஜுராசிக் காலத்தின் கடைசியிலும் கிரெட்டேசியஸ் காலத்தின் தொடக்கத்திலும், அதாவது சுமார் 15 கோடியிலிருந்து 13 கோடி ஆண்டுகளுக்கு முன், அந்தக் கண்டம் இங்கே இழுபட்டது. பிசைந்த மாவை இரு கையாலும் மெல்ல இழுத்தால் நடுப்பகுதி மெலிந்து தொய்யும். தட்டின் அடிப்பகுதி சூட்டால் இளகியது, அது அப்படித்தான் மெலியும். மேலோடு குளிர்ந்து இறுகியது, அது மெலியாமல் உடையும். உடைந்த துண்டுகளில் சில சரிந்து கீழே இறங்கும், சில அங்கேயே நிற்கும். கும்பகோணத்திலிருந்து நாகப்பட்டினம் வரை பஸ்ஸில் போனால் கண்ணுக்கு எட்டிய தூரம் சமமான வயல்தான். ஆனால் அந்த வயலுக்கு அடியில் பழைய பாறை அப்படிச் சமமாக இல்லை. கும்பகோணத்துக்குக் கீழே ஒரு முகடு, தரங்கம்பாடிக்குக் கீழே ஒரு பள்ளம், காரைக்காலுக்குக் கீழே மறுபடி முகடு, நாகப்பட்டினத்துக்குக் கீழே மறுபடி பள்ளம். எல்லாம் வடகிழக்கு தென்மேற்காக நீண்டு கிடக்கின்றன. நில அதிர்வு ஆய்வும், நரிமணம் போன்ற இடங்களில் எண்ணெய்க்காகத் துளைத்த கிணறுகளும் இதைத் தெளிவாகக் காட்டிவிட்டன. உங்கள் காரை இருப்பது அரியலூர்–புதுச்சேரிப் பள்ளத்தின் மேற்கு ஓரத்தில். நடுப்பள்ளத்தில் கிலோமீட்டர் கணக்கில் புதைந்து கிடப்பது இந்த ஓரத்தில் மெலிந்து தரைக்கு வந்திருக்கிறது. அதனால்தான் பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் புவியியலாளர் பிளான்ஃபோர்ட் இந்தப் பகுதியை நடந்தே படம் வரைய முடிந்தது.

உடைந்து இறங்குவது கதையின் முதல் பாதிதான். இரண்டாம் பாதியைக் கணக்காகக் காட்டியவர் புவி இயற்பியலாளர் டான் மெக்கன்சி. 1978-இல் அவர் எழுதிய சிறிய கட்டுரை எங்கள் துறையில் பலருடைய பார்வையை மாற்றியது. தட்டு மெலியும்போது அடியிலுள்ள சூடான கவசம், அதாவது மேலோட்டுக்குக் கீழேயுள்ள கனத்த பாறை அடுக்கு, மேலே நெருங்கி வருகிறது. இழுப்பு நின்ற பிறகு அந்தச் சூடு மெல்ல வெளியேறுகிறது. குளிர்ந்த பாறை சுருங்கிக் கனக்கிறது, கனத்தது இறங்குகிறது. இந்த இறக்கத்துக்கு அவசரமே கிடையாது. முதலில் வேகமாகவும் போகப்போக நிதானமாகவும், பல கோடி ஆண்டுகளுக்கு அது தொடரும். உடைவு நின்று வெகுகாலமான பின்பும் படுகை வாங்கிக்கொண்டே இருப்பதற்குக் காரணம் இதுதான். இதோடு பாரமும் சேர்கிறது. ஒகேனக்கல்லில் பரிசலில் ஆள் ஏற ஏற அது தண்ணீரில் அமிழ்வதைப் பார்த்திருப்பீர்கள். மேலோடும் கவசத்தின்மேல் அப்படித்தான் மிதக்கிறது. கவசத்தின் அடர்த்தி சுமார் 3.3, கடல்நீருக்கு 1.03, படுகையை நிரப்பும் வண்டலுக்குச் சராசரியாக 2.3 அளவு. இந்த எண்களைப் போட்டுப் பார்த்தால், தண்ணீர் மட்டும் நின்றிருந்தால் ஒரு கிலோமீட்டர் ஆழமாக இருந்திருக்கும் பள்ளம், விளிம்புவரை வண்டல் நிரம்பும்போது இரண்டு கிலோமீட்டருக்கும் சற்றுக் கூடுதலான படிவை வாங்கிக்கொள்ளும். ஆகவே வண்டல் பள்ளத்தைத் தொடங்கிவைப்பதில்லை. தொடங்கிய பள்ளத்தை ஆழப்படுத்துகிறது.

இந்த வரிசை பாறையிலேயே எழுதியிருக்கிறது. மிக அடியில் தெரணியின் வெள்ளைக் களிமண்ணில் செடி இலைகளின் பதிவுகள் கிடைக்கின்றன. அங்கே அப்போது நிலமும் நன்னீரும்தான், கடல் இல்லை. ஊட்டத்தூர்ப் பக்கத்து ஓடைகளில் பாறையுருண்டைகள் கலந்த அடுக்குகள் உண்டு. பக்கத்தில் நிற்கும் அதே நைஸ் பாறை (பழைய, பட்டை பட்டையான உருமாறிய பாறை), தலையளவு உருண்டைகளாக, சேறும் மணலும் சேர்ந்து இறுகியிருக்கும். தலையளவுக் கல்லை எந்த ஆறும் வெகுதூரம் கொண்டுபோவதில்லை. உடைந்த சரிவிலிருந்து உருண்டு, அதன் காலடியிலேயே தங்கியவை அவை. அவற்றுக்கு மேலே கடல் வந்துவிட்டது: பவளம், பிறகு நீங்கள் பார்த்த காரைக் களிமண். காரைக் களி ஏறத்தாழ 11 முதல் 9 கோடி ஆண்டுகளுக்கு முன் படிந்தது. நிலம், சரிவு, ஆழமில்லாத கடல், திறந்த கடல் என்ற இந்த ஒழுங்கு உலகில் கண்டம் பிளந்த இடங்களிலெல்லாம் திரும்பத் திரும்ப வருகிறது.

ஆனால் கடல் உள்ளே வந்ததற்குத் தரை இறங்கியது மட்டும் காரணம் இல்லை. இங்கே ஐயத்துக்குரிய ஒன்றைச் சொல்லியாக வேண்டும். கிரெட்டேசியஸ் நடுக்காலத்தில், அதாவது காரைக் களி படிந்த காலத்தில், உலகம் முழுவதும் கடல்மட்டம் இன்றைவிட மிக உயர்ந்திருந்தது. அதை ஒருவரும் மறுப்பதில்லை. எவ்வளவு உயரம் என்பதில்தான் கருத்து வேறுபாடு. நூறு மீட்டர் என்பவர்களும் இருக்கிறார்கள், இருநூற்றைம்பது மீட்டர் என்பவர்களும் இருக்கிறார்கள். ஒரே படுகையை வைத்துக்கொண்டு, தரை இறங்கியது இவ்வளவு, கடல் ஏறியது இவ்வளவு என்று பிரித்துவிட முடியாது. கரையில் நிற்பவனுக்கு இரண்டும் ஒரே மாதிரிதான் தெரியும். காரை இன்று ஏன் கடல்மட்டத்துக்கு மேலே இருக்கிறது என்பதும் இதைப் போன்றதே. அடுக்குகள் கிழக்கே லேசாகச் சாய்ந்திருக்கின்றன, கிழக்கே போகப் போக இளைய பாறை வருகிறது. இது கண்கூடு. மேற்கு ஓரம் எழும்பியதற்குக் காரணம் என்ன, அது எப்போது நடந்தது என்பதில் ஒரே கருத்து கிடையாது.

நீங்கள் பள்ளியில் படித்த மோதலுக்கும் இதில் ஓர் இடம் உண்டு, ஆனால் வடக்கே. மோதல் மலையை எழுப்பும்போதே அதன் காலடியில் பள்ளத்தையும் உண்டாக்குகிறது. ஒரு முனையில் மட்டும் மூட்டை அடுக்கிய பலகை அந்தப் பக்கம் வளைவதுபோல, இமயமலையின் பாரத்தால் இந்தியத் தட்டு வளைந்து உண்டான பள்ளத்தில்தான் கங்கைச் சமவெளி உட்கார்ந்திருக்கிறது. மலையடிவாரத்தில் வண்டல் கிலோமீட்டர் கணக்கில், தெற்கே வர வர மெலிவு. பிளவுப் பள்ளத்துக்கும் இதற்கும் வடிவத்திலேயே வித்தியாசம் தெரியும். இங்கே உடைந்த துண்டுகள் வரிசையாக நிற்கின்றன. அங்கே ஒரே பக்கமாகச் சாய்ந்த ஆப்பு. ஒரு தட்டு மற்றொன்றின் அடியில் நுழையும் அந்தமான் பக்கத்தில் உண்டாகும் பள்ளங்கள் வேறொரு வகை. அதை இங்கே விரிக்கவில்லை.

நீங்கள் பார்த்த அம்மோனைட்டுக்கு வடக்கே உறவினர்கள் இருக்கிறார்கள் என்பதை இந்த இடத்தில் சொல்ல ஆசைப்படுகிறேன். பூஜை அறையில் வைக்கும் சாளக்கிராமம் பல நேரம் அம்மோனைட்தான். நேபாளத்துக் கண்டகி நதியில், முக்திநாத் பகுதியின் கருங்களிப் பாறையிலிருந்து உருண்டு வருபவை அவை. அவை காரையைவிடப் பழையவை, ஜுராசிக் காலத்தவை. அந்தப் பாறை இந்தியாவின் வட விளிம்பில் இருந்த டெத்திஸ் கடலின் தரை. அந்தக் கடல் மூடி, தரை மலையாக எழுந்து, இன்று 3,700 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. காரை அம்மோனைட் நம் பக்கத்தில் அப்போதுதான் திறந்த கடலைச் சேர்ந்தது. ஒரே நிலத்தட்டின் ஒரு விளிம்பில் கடல் மூடிய கதை, இன்னொரு விளிம்பில் கடல் திறந்த கதை. இரண்டையும் அருகருகே மேசையில் வைத்து மாணவர்களுக்குக் காட்டியிருக்கிறேன். அதற்குப் பிறகு புவித்தட்டு என்பது அவர்களுக்கு வெறும் படமாக இருக்கவில்லை.

இனி மண்ணுக்கு வருவோம். இமயமலையா என்ற கேள்விக்கு விடை எளிது, உறுதியானது: இல்லை. காரைக் களி 9 கோடி ஆண்டுக்கு முந்தையது. இந்தியா ஆசியாவோடு மோதத் தொடங்கியது சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன். பிறக்காத மலை மண் அனுப்பாது. இமயமலை மண் போன இடம் வேறு. கங்கையும் பிரம்மபுத்திராவும் சேர்ந்து ஆண்டுக்கு ஏறத்தாழ 100 கோடி டன் வண்டலைக் கொண்டுவருகின்றன. அதில் ஒரு பங்கு வங்காள விரிகுடாவின் அடியில் 3,000 கிலோமீட்டர் நீளத்துக்கு விசிறிபோலப் பரந்து, இலங்கைக்குக் கிழக்கே நிலநடுக்கோட்டையும் தாண்டிப் போகிறது. 2015-இல் பன்னாட்டுக் கடலடித் துளைப்புக் கப்பல் ஒன்று அந்த விசிறியில் வரிசையாகத் துளையிட்டு மண் எடுத்தது. அதாவது, இமயமலையின் பொடி நம் கடற்கரைக்கு எதிரே ஆழ்கடலில் கிடக்கிறது. நம் அரியலூர் நிலத்தில் இல்லை.

காவிரியா என்றால்? “மேற்கேயிருந்து வந்தது” என்று சொல்லலாம். “காவிரி கொண்டுவந்தது” என்று சொல்லத் தயங்குவேன். மேற்கு ஓரத்தில் பருக்கையும் மணலும் கூடுதல், கிழக்கே நுண்மண் கூடுதல். மணலில் இருக்கும் கனிமங்கள் மேற்கே நிற்கும் நைஸ், சார்னோகைட் (கிரானைட் போன்ற கருநிறப் பாறை) ஆகியவற்றின் கனிமங்களேதான். ஆகவே திசை தெரிகிறது. ஆனால் குடகில் பிறந்து பூம்புகாரில் கடலைச் சேரும் இன்றைய காவிரி எவ்வளவு பழையது என்பது தீராத விவாதம். ஒன்றை மட்டும் எண்ணிப்பாருங்கள். காரைக் களி படிந்த காலத்தின் பெரும்பகுதியில் மடகாஸ்கர் இந்தியாவின் மேற்கே ஒட்டிக்கொண்டிருந்தது. அது பிரிந்தது ஏறத்தாழ 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன்புதான். கேரளக் கடற்கரை இல்லை, இன்று நாம் பார்க்கும் மேற்குத் தொடர்ச்சி மலையின் செங்குத்துச் சரிவும் இல்லை. நீர் பிரியும் கோடே வேறாக இருந்த நிலத்தில் ஓடிய ஆற்றுக்கு இன்றைய ஆற்றின் பெயரை வைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

மண்ணின் ஊரை எப்படிக் கண்டுபிடிக்கிறோம் என்பதையும் சொல்கிறேன். மணற்கல்லை முடியின் கனத்துக்குத் தேய்த்து, கண்ணாடியில் ஒட்டி, நுண்ணோக்கியில் வைத்து 300 மணிகளை ஒவ்வொன்றாக எண்ணுவோம்: குவார்ட்ஸ் எத்தனை, ஃபெல்ஸ்பார் எத்தனை, பழைய பாறையின் துணுக்கு எத்தனை. இந்த மூன்றின் விகிதத்தைக் கொண்டு, மணல் பழைய கண்டத்தின் உள்பகுதியிலிருந்து வந்ததா, எரிமலைத் தொடரிலிருந்தா, மோதலில் எழுந்த மலையிலிருந்தா என்று ஊகிக்கும் முக்கோண வரைபடத்தை வில்லியம் டிக்கின்சனும் அவருடைய சகாக்களும் 1970-களின் இறுதியில் செம்மைப்படுத்தினார்கள். இன்றும் அதைப் பயன்படுத்துகிறோம். ஆனால் அதில் ஒரு குழி இருக்கிறது, வேலைக்குச் சேர்ந்த புதிதில் நான் அதில் விழுந்தேன். ஒரு மணற்கல்லில் குவார்ட்ஸ் தொண்ணூறு விழுக்காட்டுக்கு மேல் வந்தது. வெகுதூரம் பயணம் செய்து தேய்ந்த மணல், மூலம் எங்கோ தொலைவில் என்று அறிக்கை எழுதிவிட்டேன். என் ஆசிரியர் அதே கண்ணாடித் துண்டை வாங்கிப் பார்த்துவிட்டு, மணிகளுக்கு நடுவே மங்கலாகத் தெரிந்த வெள்ளைத் திட்டுகளைக் காட்டினார். ஒவ்வொரு திட்டும் செவ்வகம். ஃபெல்ஸ்பார் நின்ற இடத்தில் அதன் வடிவத்தோடு களிமண் நின்றது. மணல் வெகுதூரம் வரவில்லை. வந்து சேர்ந்த பிறகு, நம் சூட்டிலும் மழையிலும் ஃபெல்ஸ்பார் உளுத்துப்போயிருந்தது. மூலப்பாறை இரண்டு கிலோமீட்டருக்குள்ளேயே இருந்தது. வெப்பநாட்டு மணலைப் படிப்பவர்கள் அந்த முக்கோணத்தை அப்படியே நம்பக் கூடாது என்பதை அன்றுதான் கற்றேன்.

அதனால் இப்போது உளுக்காத சாட்சியைத் தேடுகிறோம், சிர்கானை. பத்தில் ஒரு மில்லிமீட்டர் அளவுள்ள படிகம். உருவாகும்போது யுரேனியத்தை உள்ளே ஏற்கும், ஈயத்தைப் பெரும்பாலும் ஏற்காது. யுரேனியம் 238 பாதியாகச் சிதைய 447 கோடி ஆண்டு ஆகும். ஆகவே உள்ளே சேர்ந்த ஈயத்தை அளந்தால் படிகம் பிறந்த காலம் வந்துவிடும். மணலில் நூற்றுக்கணக்கான சிர்கான்களைத் தேதியிட்டால் மூலப்பாறைகளின் வயதுப் பட்டியல் கிடைக்கும். காவிரிக்கு வடக்கே உள்ள சார்னோகைட் பாறைகளில் 250 கோடி ஆண்டு வயது மிகுதி. தெற்கே மதுரைப் பக்கம் 55 கோடி ஆண்டு வயது மிகுதி. ஆகவே மணல் வடக்கத்தியதா தெற்கத்தியதா என்று பிரிக்க ஒரு வழி கிடைக்கிறது.

இங்கும் எல்லை உண்டு. 55 கோடி ஆண்டு வயது மதுரைக்கு மட்டும் சொந்தமில்லை. இலங்கையிலும், இலங்கையை ஒட்டிக் கிடந்த கிழக்கு அண்டார்டிகக் கரையிலும், மடகாஸ்கரிலும் அதே வயதுப் பாறைகள் பரந்திருக்கின்றன. கோண்டுவானா ஒன்றுசேர்ந்த காலம் அது. எல்லாம் ஒரே உலையில் வெந்தவை. பள்ளம் புதிதாக விழுந்த நாளில் இவை இன்னும் பக்கத்துப் பக்கத்திலேயே இருந்தன. எனவே மிக அடியிலுள்ள மணலில் ஒரு 55 கோடி ஆண்டுச் சிர்கான் கிடைத்தால், அது மேற்கிலிருந்து வந்ததா, கிழக்குப் பக்கத்திலிருந்து வந்ததா என்று அந்த ஒற்றை மணியால் சொல்ல முடியாது. ஓட்டத்தின் திசையைக் காட்டும் குறுக்கு அடுக்குகள், கற்களின் பருமன், வேறு கனிமங்கள் எல்லாவற்றையும் சேர்த்தே தீர்ப்புச் சொல்ல வேண்டும். இன்னொரு சிக்கல்: சிர்கான் அழிவதில்லை. ஒரு மணற்கல் அரிந்து இன்னொரு மணற்கல்லாகும்போது அதே மணி மறுபடியும் புதைகிறது. ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸில் 440 கோடி ஆண்டுச் சிர்கான் கிடைத்தது. ஆனால் அது கிடந்த பாறை அதைவிட நூறு கோடி ஆண்டுகளுக்கும் மேல் இளையது. மணி சொல்வது முதல் பிறப்பை. கடைசியாகப் புறப்பட்ட இடத்தை அல்ல. காரையில் நீங்கள் மிதித்தது களிமண். களிமண்ணில் சிர்கான் அரிது. அதற்கு நியோடிமியம் போன்ற தனிமங்களின் ஐசோடோப்புகளை அளக்கிறோம். அது எல்லா மூலங்களும் கலந்த சராசரியைத்தான் தரும்.

மறுபடி போகும் எண்ணமிருந்தால் இரண்டு வேண்டுகோள். அம்மோனைட்டை எடுத்துப் பையில் போட வேண்டாம்; எந்த அடுக்கிலிருந்து விழுந்தது என்பதோடு சேர்ந்தால்தான் அதற்கு முழுப் பயன் உண்டு. கிடந்தபடியே, பக்கத்தில் ஒரு பேனாவை வைத்துப் படம் எடுங்கள். அப்புறம், காரையிலேயே நின்றுவிடாமல் மேற்கே ஊட்டத்தூர்ப் பக்கத்து ஓடைகளில் இறங்கி நடந்து, நைஸ் பாறையின்மேல் படிவு நேரடியாக உட்கார்ந்திருக்கும் இடத்தைத் தேடுங்கள். கீழே சாம்பல் நிறத்தில் பட்டை பட்டையாகக் கெட்டிப்பாறை இருக்கும், மேலே அதன் உடைந்த உருண்டைகள் கலந்த மண்ணடுக்கு. நான் முதலில் அப்படி ஓரிடத்தைக் கண்டபோது மாலை வெயில். கோட்டின்மேல் கையை வைத்தேன். கட்டைவிரலுக்குக் கீழே 250 கோடி ஆண்டு, சுண்டுவிரலுக்குக் கீழே 11 கோடி ஆண்டு.